யோகலிங்கத்தார் துடைத்துவிட்ட கோப்பு

ஓர்ஸ் ஹில் சென்றிக் காவலரண்களில் யோகலிங்கத்தாரை அறியாத ஆமிக்காரன் இல்லை. மனுசன் பயந்தாங்கொள்ளி என்று கண்டுபிடித்து, அவரைச் சோதிப்பதையே விட்டுவிட்டார்கள். அது அவருக்குத் தெரிந்தால்தானே! சுற்றிவளைப்பு என்று ஆராவது வாய் திறந்தால் போதும், வீட்டுக் கடுதாசி முழுக்கக் குசினி அடுப்புக்குள் போய்விடும். பழைய கடிதம், ஆரென்று தெரியாத ஆள் நிற்கிற கலியாணப் படம், இலக்கம் கிறுக்கிய பஸ் ரிக்கெற் எல்லாம் சாம்பல்தான். "இது என்ன எண்டு அவன் கேட்டா நான் என்னத்தைச் சொல்லுறது?" என்பார். மனைவி இரத்தினேஸ்வரியின் தாய்மாமன் படமும் அப்படித்தான் எரிந்தது. அன்றைக்கு அழுதவள் இன்றைக்கும் திட்டுவாள்.

இப்பேர்ப்பட்ட ஆள் இரண்டாயிரமாம் ஆண்டில் ஒரு கொம்பியூட்டர் வாங்கித் தட்டச்சுக் கடை போட்டார். பெருமை தலைக்கேறி, சும்மா கிடந்த பழைய தட்டச்சு மெசினையும் விற்றுத் தள்ளிவிட்டார்.

ஒரு செவ்வாய்க்கிழமை, நாளைக்குக் கடைகளைச் சோதிக்கப் போகிறார்களாம் என்று கதை அடிபட்டது. யோகலிங்கத்தார் கொம்பியூட்டரின் குடலுக்குள் இறங்கினார். ஐயோ, உள்ளுக்குள் ஆயிரம் பெயர்! ஒன்றையும் அவர் வைக்கவில்லை. அதிலே 'எம்.எஃப்.சி.42' என்று ஒரு கோப்பு. மூன்று எழுத்தும் ஒரு இலக்கமும், இயக்கத்துச் சங்கேதம் மாதிரி! கேட்டால் என்ன சொல்லுவது? அழித்தார். குப்பைத்தொட்டியையும் வெறுமையாக்கினார். மற்றச் சிலதை அழிக்கப் பார்க்க, கொம்பியூட்டர் ஏலாது என்று அடம்பிடித்தது. போகட்டும் என்று நிம்மதியாகப் படுத்தார்.

புதன்கிழமை ஒருவரும் சோதிக்க வரவில்லை. காலை ஒன்பதரைக்குச் சல்லி என்கிற மீன்பிடிக் கிராமத்திலிருந்து சீதேவி வந்தாள். கடற்றொழிலுக்குப் போகிறவர்களின் பெயர்ப்பட்டியலை மாதாமாதம் ஆமி முகாமில் கொடுத்தால்தான் கடலுக்குப் போகப் பாஸ். ஆம்பிளைகள் சென்றி கடந்தால் ஆயிரம் கேள்வி என்று ஊர் அவளைத்தான் அனுப்பும். அவளுடைய புருசன் இராசதுரை இருபத்திமூன்று நாளைக்கு முன் தொழிலுக்குப் போனவன். ஆளும் வரவில்லை, வள்ளமும் வரவில்லை. அழுது வீங்கின கண்ணோடுதான் வந்து நின்றாள்.

"பன்ரெண்டு மணிக்குள்ள குடுக்கவேணும் அண்ணை. இல்லாட்டி ஒரு மாசத்துக்கு அறுவத்தொரு குடும்பமும் பட்டினி. கையால எழுதினா எடுக்கமாட்டாங்கள்."

"இதென்ன பெரிய வேலையே, போன மாசத்து லிஸ்ட் உள்ளுக்குக் கிடக்கு" என்று யோகலிங்கத்தார் பட்டியலைத் திறக்கப் போனார். திறக்கவில்லை. தேவையான ஒரு கோப்பைக் காணவில்லையாம். பெயரையும் போட்டுக் காட்டியது: எம்.எஃப்.சி.42. மனுசன் கொம்பியூட்டரை நிற்பாட்டிப் போட்டார், திரும்பவும் நிற்பாட்டிப் போட்டார், பிள்ளையார் படத்துக்குக் கற்பூரமும் கொளுத்தினார். பிள்ளையார் கொம்பியூட்டர் படித்தவரா என்ன?

பெரியகடைப் பக்கம் கொம்பியூட்டர் வகுப்பு நடத்துகிற முனாபுக்கு ரெலிபோன் எடுத்தார். முனாப் சிரித்த சிரிப்புக்கு வாங்கிக் கட்டியிருக்க வேண்டும்.

"யோகண்ணன், அது ஒரு ஆள்ட சொத்தில்ல. உங்கட வளவுக் கிணத்துல நாலு வீடும் தண்ணி அள்ளுறல்லவா? அந்த மாதிரி. ஒரு கோப்பு, பத்து புறோக்கிராம் வந்து அள்ளும். எனக்கு வேணாம் எண்டு நீங்க கிணத்த மூடிட்டீங்க."

"இப்ப என்ன செய்யிறது?"

"என்ட மெசின்ல அதே கோப்பு இருக்கு. பிளொப்பித் தட்டுல போட்டுத் தாறன். கொண்டு போய் எடுத்த இடத்திலயே வைங்க."

சீதேவியைக் கடையில் இருத்திவிட்டு, சைக்கிளை எடுத்துப் பெரியகடைக்கு மிதித்தார். வேடிக்கையைப் பாருங்கள்: எதைப் பற்றிக் கேட்டால் பதில் இல்லை என்று அழித்தாரோ, அதை மட்டும் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு திரும்புகிறார்! முதல் சென்றியில் தெரிந்த முகங்கள், தலையாட்டிவிட்டார்கள். இரண்டாவதில் நின்றவன் புதியவன்; சட்டைப் பையைத் தடவிப் பிளொப்பியை எடுத்தான்.

"இது என்ன?"

"பைல், சேர்."

"என்ன பைல்?"

"எனக்குத் தெரியாது, சேர்."

சென்றியில் சொல்லக்கூடாத சொல் ஒன்று உண்டென்றால் அது இதுதான். அதற்குப் பயந்து கடுதாசியெல்லாம் எரித்த மனுசன் தானே சொல்லிவிட்டார். ஆமிக்காரன் பிளொப்பியை வெயிலுக்குப் பிடித்துப் பார்த்தான். தகரத்தை இழுத்தான், உள்ளே கபில நிற நாடா போல ஏதோ தெரிந்தது.

"பாட்டு?"

"ஓம் சேர், பாட்டு!"

"நல்ல பாட்டு?"

"நல்ல பாட்டு, சேர். நல்ல பாட்டு."

போ என்று கையைக் காட்டினான். கடைக்கு வர பதினொன்றரை. கோப்பை எடுத்த இடத்தில் வைத்தார். பட்டியல் ஒன்றும் நடக்காத மாதிரித் திறந்தது. "அப்பாடா, கடவுளே!" என்று கத்திவிட்டார். சீதேவி சொன்ன இரண்டு புதுப் பெயர்களைச் சேர்த்தார். பதினேழாம் இலக்கத்துக்கு வந்ததும் கை நின்றது. இராசதுரை.

"தங்கச்சி, குறை நினையாதைங்கோ. இதை எடுக்கத்தானே வேணும்?" அழிக்கிற பொத்தானில் விரல் ஏற்கெனவே போய்விட்டது.

"எடுக்காதைங்கோ அண்ணை."

"ஆள் எங்கை எண்டு கேப்பாங்கள் பிள்ளை!"

"கேக்கட்டும். நான் முகாமுக்கு மூண்டு தரம் போய்க் கேட்டனான். அப்பிடி ஒரு ஆளைத் தெரியாதாம். அவங்கட லிஸ்டிலயே பேர் கிடந்தா, அவங்களும் ஒருக்கா என்னைக் கேக்கத்தானே வேணும், இராசதுரை எங்கை எண்டு."

அந்த மாமன் படத்தை எரித்த அன்றைக்கு இரத்தினேஸ்வரி ஏன் அப்படி அழுதாள் என்று யோகலிங்கத்தாருக்கு இப்போதுதான் விளங்கியது. விரலை எடுத்தார். அச்சு மெசின் கறகறவென்று ஓடி, பதினேழாம் பெயரும் தன் இடத்தில் அப்படியே வந்தது.

சீதேவி கடுதாசியை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு முகாம் பக்கம் நடந்தாள். பன்னிரண்டுக்குப் பத்து நிமிடம் இருந்தது.