ஒசிரிஸின் முன்னால்

போர் முடிந்த ஆண்டில் வன்னியில் என் தம்பி காணாமல் போனான். நான் அப்போது வெளிநாட்டில், எம்மன்புரூக்கே என்ற ஊரில் ஒற்றை அறையில் தனியாக இருந்தேன். வேலைநாட்களைத் தொழிற்சாலை விழுங்கிவிடும்; ஞாயிறுகளைத்தான் கடத்த முடியாது. அப்படியொரு ஞாயிறன்று ரயிலேறி ஓர் அருங்காட்சியகத்துக்குப் போனேன். அங்கே கண்ணாடிக்குள் பச்சை முகத்துடன் ஓர் எகிப்தியக் கடவுள் நின்றார். வெகுநேரம் நகராமல் நின்ற என்னிடம் அங்கு வழிகாட்டியாக வேலைசெய்த தமிழ் மாணவி வந்தாள்.

“இது ஒசிரிஸ், அங்கிள். செத்தவையின்ர உலகத்துக்கு ராசா. இவரைக் கூடப்பிறந்தவனே துண்டு துண்டா வெட்டி எறிஞ்சுபோட்டான். இவரைக் கட்டின மனிசி தேடிப் பொறுக்கி, ஒட்டவைச்சு, உயிர் குடுத்தாவாம்.”

“எல்லாத் துண்டும் கிடைச்சதோ?”

“ஓம், ஒண்டைத் தவிர.”

“ஒண்டுமே கிடைக்காட்டி என்ன செய்யிறது, பிள்ளை?”

அவள் என் முகத்தைப் பார்த்தாள்.

“ஆரைத் தேடுறீங்கள்?”

“தம்பியை.”

அடுத்த பார்வையாளர் கூட்டம் வரும்வரை அவள் என் பக்கத்திலேயே நின்றாள். பிறகு அவர்களோடு போய்விட்டாள்.

அறைக்குத் திரும்பியதும் பெட்டிக்குள் கிடந்த தம்பியின் படத்தை எடுத்துத் துடைத்து மேசையில் வைத்தேன். மாலை போட மனம் வரவில்லை. இன்றுவரை போடவில்லை.