ஜனவரி இருபத்து மூன்று

யுவேசினும் நானும் சீனாவில், ஜினான் நகரத்தில் ஒரே ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே எடுப்பவர்கள். அவளுக்கு வயது முப்பத்து மூன்று. சொந்த வீடு, சொந்தக் கார், ஞாயிற்றுக்கிழமை மதியம் வரை தூக்கம். கல்யாணப் பேச்சை எடுத்தால், "எனக்கு என்னக்கா குறைச்சல்?" என்பாள்.

அந்தக் குறைச்சல் அவள் அம்மாவுக்குத்தான் தெரியும். இரண்டு வருடமாகச் சனிக்கிழமை தவறாமல் பூங்காவுக்குப் போய், விரித்த குடையில் மகளின் விவரத் தாளை ஒட்டிவைத்து, வரன் தேடும் மற்ற அம்மாக்களோடு உட்கார்ந்திருந்தார்.

தாளில் 'பிறந்தது 1992' என்று மட்டும் இருக்கும். பொய்யில்லை. ஆனால் எங்களுக்கு வருடத்துக்கொரு மிருகம், அது மாறுவது எங்கள் புத்தாண்டில். அந்த வருடம் அது வந்தது பிப்ரவரி நாலில். இவள் பிறந்தது ஜனவரி இருபத்து மூன்று. பன்னிரண்டு நாள் பொறுத்திருந்தால் குரங்கு வருடத்துப் பெண். அவசரப்பட்டு ஆட்டு வருடத்தில் வந்து விழுந்துவிட்டாள். ஆட்டு வருடத்துப் பெண் போகிற வீடு விளங்காதாம். இதை எங்கள் ஊர் மாமியார்களுக்குச் சொல்லிக்கொடுத்தவன் மட்டும் என் கையில் கிடைக்கட்டும்.

போன மாதம் ஒரு அம்மா குடைமுன் நின்று, "குரங்கா? ரொம்ப நல்லதாப் போச்சு" என்று தன் மகன் லிபினின் எண்ணைக் கொடுத்தார்.

யுவேசின் அவனைப் பார்க்க வேண்டாவெறுப்பாகத்தான் போனாள். பிறகு இரண்டு தடவை தானாகவே போனாள். "வாயில நூடுல்ஸ வச்சுக்கிட்டே சிரிக்கிறான்க்கா, அசிங்கம்" என்று புகார் சொல்லிவிட்டு அவளும் சிரித்தாள்.

நாலாம் தடவை அவன் கேட்டான்: "பொருத்தம் பாக்க அம்மா உன் பொறந்த தேதி கேக்கறாங்க."

"மார்ச்சுனு சொல்லிடுடி. யாரு பாக்கப்போறா?" என்றார் யுவேசினின் அம்மா போனில்.

யுவேசின் என்னிடம் வந்தாள். "உண்மையச் சொன்னா விட்டுது தொல்லை. ஏன்க்கா வாய் வரமாட்டேங்குது?"

"அப்ப மார்ச்சுனு சொல்லு."

"சாகற வரைக்கும் மார்ச்லயா பொறந்தநாள் கொண்டாடுவேன்?"

மறுநாள் உண்மையைச் சொல்லிவிட்டாள். இரண்டு நாளில் அவனிடமிருந்து செய்தி வந்தது: அம்மா சம்மதிக்கவில்லை, மன்னித்துவிடு.

"போகட்டும், தப்பிச்சேடி!" என்றேன். எனக்கு நிஜமாகவே சந்தோஷம். அவளோ எக்ஸ்ரே எடுக்கப் போடும் ஈயக் கவசத்தைக்கூடக் கழற்றாமல் அழுதாள்.

"வேண்டாம்னு நான்தானக்கா சொல்லணும்? அவங்க எப்படி முந்திக்கலாம்?"

"உனக்கு அவன் வேணுமாடி?"

முகத்தைத் துடைத்துக்கொண்டு என்னையே பார்த்தாள்.

"அதை யோசிக்க இதுவரைக்கும் யாராவது என்னை விட்டாங்களாக்கா?"