ஏமஸின் வலது கை

1. வேலை நின்ற நாள்

எக்ஸ்கவேட்டர் ஓட்டுகிறவர் மெஷினை நிறுத்திவிட்டுக் கீழே இறங்கித் தொப்பியைக் கழற்றினார் என்றால், சைட் என்ஜினீயர் ஓட வேண்டியதில்லை. மெதுவாகவே போகலாம். நியூ ஜெர்சியில், பார்சிப்பனி பக்கம், ஃப்ரீவேயில் வண்டிகள் ஏறும் ரேம்ப் ஒன்றை அகலப்படுத்திக்கொண்டிருந்தோம். நான் ரெசிடென்ட் என்ஜினீயர். பக்கெட்டில் மண்ணோடு ஒரு தாடை எலும்பு வந்திருந்தது.

அது பழைய அநாதை இடுகாடு என்று பிறகு தெரிந்தது. பக்கத்தில் ஒரு காலத்தில் செங்கல் சூளைகள் இருந்திருக்கின்றன. அங்கே உழைத்துச் செத்தவர்களில் கேட்க நாதியில்லாதவர்களை இங்கே புதைத்திருக்கிறார்கள். கல்லும் இல்லை, பெயரும் இல்லை. எல்லாரையும் எடுத்து வேறு இடத்தில் அடக்கம் செய்த பிறகுதான் ரேம்ப் என்று கோர்ட் சொல்லிவிட்டது.

எலும்பு கிடைத்த அன்று சாயங்காலம், போனிலேயே விஷயம் தெரிந்துகொண்ட என் கணவர் கராஜிலேயே வழிமறித்தார். "உள்ள வராத மாலதி. பேஸ்மென்ட்ல துண்டு வச்சிருக்கேன். தலைக்குக் குளிச்சிட்டு மேல வா."

"நான் என்ன எழவுக்கா போயிட்டு வரேன்? வேலைக்குப் போயிட்டு வரேன்!" என்று கத்தினேன். கத்திவிட்டுக் குளித்தேன். அப்புறம் தினமும் இதே கதைதான்.

2. மார்த்தா

செய்தி பரவியும் உரிமை கேட்டு வந்தது ஒரே ஒருவர். மார்த்தா என்ற வயதான அம்மாள், வாக்கரைத் தள்ளிக்கொண்டு சேற்றில் வந்தார். அவருடைய தாத்தாவின் அண்ணன் ஏமஸ் இங்கேதான் கிடக்கிறாராம்.

ஏமஸ் வலது கையால் எறியும் பேஸ்பால் பிட்ச்சர். நம் கிரிக்கெட்டில் பவுலர் மாதிரி. சம்பளம் கொடுத்து ஆட்டக்காரர்களை வைத்துக்கொள்ள ஆரம்பித்த புதிது. மாற்று ஆள் கிடையாது, முதல் பந்திலிருந்து கடைசிப் பந்து வரை ஒரே ஆள், மறுநாளும் அவரேதான். ஒரு சீசன்கூடத் தாங்காமல் தோள் போய்விட்டது. டீம் அவரை ஏதோ ஒரு ஸ்டேஷனில் இறக்கிவிட்டுப் போயேவிட்டது. அதே தோளை வைத்துக்கொண்டு சூளையில் மண் வெட்டிச் செத்தார். குடும்பம் வெட்கப்பட்டு உடலை வாங்க வரவில்லை.

"அவருடைய அம்மா பக்கத்தில் ஓர் இடம் இன்னும் காலியாக இருக்கிறது. அவரை அங்கே கொண்டு சேர்த்துவிட்டால் போதும்" என்றார் மார்த்தா.

ஈரக் களிமண்ணில் அத்தனை காலம் கிடந்த எலும்பில் டி.என்.ஏ. தேறவில்லை. எங்களோடு வேலை செய்த எலும்பு நிபுணர்தான் ஒரு வழி சொன்னார். சின்ன வயதிலிருந்து எறிகிறவர்களுக்கு, எறியும் கையின் மேலெலும்பு மற்றதைவிடத் தடித்துப்போகுமாம். அதை வைத்துத் தேடலாம் என்றார். மார்த்தாவின் முகத்தில் அன்றைக்குத்தான் சிரிப்பைப் பார்த்தேன்.

3. கூடாரத்துக்குள்

எல்லாரையும் எடுத்து முடித்த பிறகு நிபுணர் என்னைக் கூடாரத்துக்குக் கூப்பிட்டார். முதல் மேஜையில் இருந்தவருக்கு வலது கை தடித்திருந்தது. எனக்கு அப்படியொரு சந்தோஷம். இரண்டாவது மேஜைக்குப் போனோம். அவருக்கும் தடித்திருந்தது. அடுத்தவருக்கும், அதற்கடுத்தவருக்கும். ஆம்பளை பொம்பளை வித்தியாசமே இல்லை. மண் வெட்டி வெட்டி, செங்கல் சுமந்து சுமந்து, எல்லாருக்கும் அதே கை. பாவிகளா, இப்படியா வேலை வாங்குவீர்கள் என்று வாய்விட்டே சொன்னேன். கேட்க யார் இருக்கிறார்கள்?

ப்ராஜெக்ட் மேனேஜர் சுந்தர், சென்னைக்காரர், என்னைத் தனியாகக் கூப்பிட்டார். "மாலதி, ஏதோ ஒரு பாக்ஸ பிக் பண்ணி, இவர்தான்னு சைன் பண்ணி அந்தம்மாகிட்ட குடுத்துடுங்க. அவங்களுக்கும் நிம்மதி, நம்ம ஷெட்யூலும் தப்பிக்கும். யாரு வந்து செக் பண்ணப் போறா?"

"உங்கப்பா அஸ்தின்னு எவன் சாம்பலையோ குடுத்தா வாங்கிப்பீங்களா சுந்தர்?"

"தெரியலைன்னா வாங்கிப்பேன்."

கையெழுத்துப் போட மாட்டேன் என்று மட்டும் சொன்னேன்.

மார்த்தாவிடம் நானே போய்ச் சொன்னேன். "நீ பொய் சொல்லியிருக்கலாம். எனக்கு இனி எத்தனை நாள் என்று நினைக்கிறாய்?" என்று கேட்டுவிட்டு அழுதார். நான் செய்தது சரி என்று அன்று எனக்கே தோன்றவில்லை.

4. அடக்கம்

மழையில் அடக்கம் நடந்தது. எண் ஒட்டிய பெட்டிகளைப் பள்ளத்தின் ஓரம் வரிசையாக வைத்திருந்தோம். பாதிரியார் எல்லாருக்கும் பொதுவாக ஜெபம் சொல்லி முடித்தார். வரமாட்டார் என்று நினைத்த மார்த்தா வந்திருந்தார்.

வாக்கரைத் தள்ளிக்கொண்டு முதல் பெட்டியிடம் போய்க் குனிந்தார். "ஏமஸ், வீட்டிலிருந்து வந்திருக்கிறேன்" என்றார். அடுத்த பெட்டிக்கு நகர்ந்தார். அங்கேயும் அதையே சொன்னார். ஒன்றைக்கூட விடவில்லை. சுந்தர் குடையை அவர் தலைக்கு மேலே பிடித்தபடி கூடவே நடந்தார். பாதி வழியில் மூச்சு வாங்கியது, நின்று நின்று போனார். கிரேன்காரர் உட்பட யாருமே நேரமாகிறது என்று சொல்லவில்லை.

சைட்டில் இருக்கும் பிள்ளைகளுக்கு நான் சொல்வது இதுதான். தெரியாததைத் தெரியும் என்று கையெழுத்துப் போடாதீர்கள். அதனால் ஒருவர் அழுதால், கிட்ட நின்று அதையும் வாங்கிக்கொள்ளுங்கள்.

அன்று பேஸ்மென்ட்டில் துண்டு இல்லை. "வேலைதான் முடிஞ்சிடுச்சே, நேரா மேல வா" என்றார் என் கணவர்.

"துண்டு குடுங்க. இன்னிக்கு எழவுக்குத்தான் போயிட்டு வரேன்" என்றேன்.