நான் சொன்ன கதையும் அவர் எழுதிய படமும்

இத்தாலியின் பலெர்மோ நகரில், லிபெர்த்தா தெருவில் நான் ஆறு வருடம் வேலை செய்த வீடு ஒரு ஸ்பெயின்காரப் பெண்ணுடையது. சினிமாவுக்குத் திரைக்கதை எழுதுகிறவர். பலெர்மோக்காரரைக் கட்டி இங்கேயே தங்கிவிட்டவர். இளம் வயதில் மத்ரித்தில் எழுதிய இரண்டு படங்கள் நன்றாக ஓடினவாம். நான் போன காலத்தில் அவரை யாரும் கூப்பிடுவதில்லை. காலையில் எழுதியதைப் பின்னேரம் கிழித்துப் போடுவார்.

எங்கள் இரண்டு பேருக்கும் இத்தாலி மொழி சொந்தமில்லை. அதனால் பிழையாகக் கதைக்கக் கூச்சமும் இல்லை. நான் உடுப்பு அயன் பண்ணும்போது, சிஞ்ஞோரா என்று நான் கூப்பிடும் அந்த அம்மா கதிரை போட்டு உட்கார்ந்து என் பாடுகளைக் கேட்பார். ஒருநாள், எவரிடமும் சொல்லாத ஒன்றைச் சொல்லிவிட்டேன்.

முன்பு நான் பார்த்துக்கொண்ட ஒரு கிழவி, மன்னாரிலிருந்த என் தங்கையை இத்தாலிக்கு வேலைக்கு அழைத்துக் கடிதம் தர ஒப்புக்கொண்டிருந்தார். ஒருவரைத்தான் கூப்பிடலாம்; என் கணவரோ தன் தம்பியைத்தான் கூப்பிட வேண்டுமென்று நின்றார். நான் கணவரின் தம்பி பெயரையே கொடுத்தேன். தங்கையிடம், கிழவி விழுந்து இடுப்பு முறிந்துவிட்டது, கந்தோருக்குப் போய்க் கையெழுத்துப் போட முடியாது என்றேன். அவள் கிழவிக்குச் சுகம் வரவேண்டுமென்று மடு மாதாவுக்கு நேர்த்தி வைத்தாள். ஐந்து வருடம் கழித்து, இங்குள்ள ஒருவரைக் கலியாணம் கட்டித்தான் அவள் வந்துசேர்ந்தாள்.

சிஞ்ஞோரா என் கையைப் பிடித்து, “இது என்னோடு இருக்கும்” என்றார்.

இரண்டு வருடத்தில் அவருடைய படம் வந்தது. ஸ்பெயினில் பரிசும் வாங்கியது. வந்த பூங்கொத்துகளுக்குச் சாடி போதாமல் வாளியில் வைத்தேன். என்ன கதை என்று கேட்டேன். “பெரு நாட்டிலிருந்து வந்த இரண்டு சகோதரிகள்” என்றார். அவருக்காகச் சந்தோஷப்பட்டேன்.

தங்கை அதை, நகரின் சீசா பகுதியிலிருக்கும் தன் வீட்டு டிவியில் பார்த்தாள். ஞாயிறு பூசை முடிந்து கோயில் வாசலில் என்னை மறித்தாள்.

“அக்கா, உங்கடை சிஞ்ஞோராதானே அந்தப் படம் எழுதினது?”

“ஓம்.”

“அதிலை ஒரு கிழவிக்கு இடுப்பு முறிஞ்சது எண்டு தமக்கை சொல்லுறாள். தங்கச்சி நேர்த்தி வைக்கிறாள். ஆனா கிழவிக்கு ஒண்டும் நடக்கேல்லை.” கூட வந்த மகளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள். “எங்கடை கிழவிக்கும் ஒண்டும் நடக்கேல்லையோ?”

“இல்லை” என்றேன்.

“அஞ்சு வருசம் அங்கை காத்துக் கிடந்தனான், அக்கா.” மகளின் கையைப் பிடித்துக்கொண்டு பஸ்ஸுக்கு நடந்தாள்.

மறுநாள் சிஞ்ஞோராவிடம் கேட்டேன்.

“பெயர், நாடு எல்லாவற்றையும் மாற்றினேனே” என்றார்.

“நேர்த்தியை மாற்றவில்லையே.”

“படத்திலேயே நல்ல இடம் அதுதான்.”

என்னைப் பாராட்டுவதாக நினைத்துத்தான் சொன்னார். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. வீட்டுச் சாவியை மேசையில் வைத்துவிட்டு இறங்கினேன்.

இப்போது ஒரேத்தோ பகுதியில் வேறு வீட்டில் வேலை. அவருக்குப் படத்துக்கு மேல் படம் வருகிறதாம். தங்கை எட்டு மாதம் என்னோடு கதைக்கவில்லை. போன கிழமை போன் எடுத்தாள்.

“மகளுக்குக் கோயிலிலை முதல்நன்மை குடுக்கினம். வாறியளோ?”

“ஓம், வாறன்.”

“வாறன் எண்டு சொல்லிப்போட்டு, பிறகு ஏதும் காரணம் சொல்லாதேங்கோ” என்றாள்.