இல்ஹாமி பாய் எழுந்து நின்ற வெள்ளிக்கிழமை

இல்ஹாமி பாய் மௌத்தாகிவிட்டார்.

உயிர் போனது நேற்று, இஸ்தான்புல்லில். அவர் மகள் மெசேஜ் போட்டிருந்தார். டூட்டியில் இருந்தேன்... அதற்கப்புறம் ஒரு வேலையும் ஓடவில்லை.

உங்களில் யாருக்கும் அவரைத் தெரியாது. துருக்கிப் படங்களில் வில்லனுக்குப் பக்கத்தில் நிற்கிற அடியாள். பெரிய மீசை. இன்டர்வெலுக்கு முன்னாலேயே ஹீரோ கையால் செத்துவிடுவார்.

"போரடிக்கலையா பாய்?" என்று ஒருமுறை கேட்டேன். "சாவுறதுதான் பாய் என் டூட்டி" என்றார், அவருடைய அரைகுறை இந்தியில்.

வீட்டை விற்று ஒரே ஒரு படம் சொந்தமாக எடுத்தார். அதில் அவர்தான் ஹீரோ. ஒரு தியேட்டரும் அதைத் திரையிடவில்லை.

தொண்ணூறுகளில் அந்தப் படத்தை ஒரு கேசட்டில் எடுத்துக்கொண்டு வீடியோ ரைட்ஸ் விற்க துபாய் வந்தார். விற்கவில்லை. அங்கே சத்வா ஏரியாவில் சொந்தக்காரர் ஷவர்மா கடையில் கறி சீவுகிற கத்தியைப் பிடித்தார். பக்கத்து வீடியோ கடையில் நான் சேல்ஸ்மேன்.

எங்கள் கடையில் ஒரு வழக்கம். தமிழ்ப் படம் முடிந்து கேசட்டில் இடம் மிச்சமிருந்தால் ஓனர் இன்னொரு படத்தை ஏற்றிவிடுவார். லேபர் கேம்ப் ஆட்களுக்கு ஒரே வாடகையில் இரண்டு படம். பாய் தன் படத்தை சும்மாவே கொடுத்தார். யாராவது பார்த்தால் போதும் அவருக்கு.

ஜெபல் அலி கேம்பில் இருந்த சேகர் அண்ணன், புதுக்கோட்டைக்காரர், அப்படி ஏற்றிய கேசட்டைத் திருப்பித் தர வந்தார். "தம்பி, நம்ம ஷவர்மா பாய் ஹீரோடா! ரூமே உக்காந்து பாத்துச்சு. பாவம், கடைசில சுட்டுக் கொன்னுட்டானுவளே..."

பாயிடம் சொன்னேன். முகம் செத்துவிட்டது. "நான் சாகலியே..." என்றார்.

போட்டுப் பார்த்தோம். அவர் குண்டு பட்டு விழுகிற இடத்தில் டேப் தீர்ந்துபோயிருக்கிறது. முழுப் படம் இருந்த கேசட்டை அதற்குள் ரைட்ஸ் வாங்க வந்த வெளியூர் பார்ட்டி ஒருவர் பார்க்க வாங்கிப்போயிருந்தார். அது திரும்பி வரவே இல்லை.

அந்த வெள்ளிக்கிழமை ஜும்ஆ தொழுகை முடிந்ததும் என்னை இழுத்துக்கொண்டு கேம்புக்குப் போனார்.

அடுக்குக் கட்டில்களுக்கு நடுவில் குண்டு பட்டவர் மாதிரி தரையில் படுத்தார். கொஞ்ச நேரம் அசையவே இல்லை. பிறகு கட்டில் கம்பியைப் பிடித்து மெல்ல எழுந்தார். சேகர் அண்ணனைப் பார்த்துத் துருக்கியில் என்னவோ சொன்னார். கதவு வரை நடந்து போய், திரும்பிச் சிரித்தார்.

ஒரு வார்த்தைகூடப் புரியவில்லை யாருக்கும். "பொழைச்சுட்டாருடா!" என்று சேகர் அண்ணன் கத்த, ரூமே கை தட்டியது. பாய் தோளில் கிடந்த துண்டால் கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

பிறகு விசா முடிந்து ஊர் போனவர், சீரியல்களில் பழையபடி செத்துக்கொண்டிருந்தார்.

ஆஸ்பத்திரியில் அந்தப் படத்தைக் கேட்டுக்கொண்டே இருந்தாராம். நெகட்டிவ் இருந்த லேப் எப்போதோ மூடிவிட்டதாம். மகள் அந்தப் படத்தைப் பார்த்ததே இல்லையாம். "உங்களிடம் காப்பி இருக்குமா அங்கிள்?"

எங்கே போவேன்... கடையே இப்போது இல்லை.

ஊரில் இருக்கிற சேகர் அண்ணனுக்கு போன் போட்டேன். கடை மூடும்போது பாதியில் நிற்கிற அந்த வாடகைக் கேசட்டை அவர்தான் கேட்டு வாங்கிப்போயிருந்தார். "டேப்பை டெக்கு கடிச்சுத் துப்பிருச்சேடா தம்பி, அப்பவே..." என்று அவரும் அழுகிறார்.

காலையிலிருந்து டைப் அடிப்பதும் அழிப்பதுமாக இருந்தேன். கடைசியில் இல்லை என்றுதான் எழுத முடிந்தது. கட்டில்களுக்கு நடுவில் பார்த்ததையும் எழுதினேன்.

மகளிடமிருந்து ஒரே ஒரு கேள்வி வந்தது. "அப்பா நிஜமாகவே எழுந்தாரா?"

எழுந்தார்மா என்று அனுப்பினேன்.

போய்ட்டு வாங்க பாய்... அல்லாஹ் உங்க கப்ருக் குழியை விசாலமாக்கட்டும்.