கொக்கோத் தோட்டத்துச் சிங்களம்

என் கணவர் சிங்களம் பாஸ் பண்ணியவர். அரசாங்க உத்தியோகத்தில் சம்பளம் ஏற வேண்டுமானால் அந்தச் சோதனை கட்டாயம். முதல் தடவையிலேயே, அதுவும் நல்ல புள்ளி எடுத்துத் திறமைச் சித்தியோடு பாஸ் பண்ணிய கதையைக் கலியாணமான நாளிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறேன். ஒன்றை மட்டும் அவர் சொல்லமாட்டார்: அவர் படித்தது முழுவதும் சுற்றறிக்கைச் சிங்களம். “மேற்படி விடயம் தொடர்பாகத் தங்களுக்கு அறியத்தருவது யாதெனில்” என்று மூச்சு விடாமல் அவரால் சிங்களத்தில் சொல்ல முடியும். பேக்கரியில் ஒரு இறாத்தல் பாண் வாங்க முடியாது. அவர் பேசி முடிக்கும்வரை கடைக்காரர் கதிரையை விட்டு எழும்பி நின்று மரியாதையாகக் கேட்பார். பிறகு என்னைப் பார்ப்பார். நான் பாணை விரலால் காட்டுவேன்.

கொழும்பில் எங்கள் சீவியம் இப்படித்தான் நடந்தது. கலவரத்தின்போது பஸ்ஸை மறித்து, ஒரு வாளியைத் தூக்கிக் காட்டி, இதற்குச் சிங்களத்தில் பெயர் சொல் என்று கேட்டுத் தமிழரைப் பிடித்த கதை எல்லாத் தமிழ் வீட்டிலும் இருந்தது. அதற்குப் பிறகு சண்டை வந்தது, குண்டு வந்தது, சந்திக்குச் சந்தி சோதனைச் சாவடி வந்தது. நாங்களும் மற்றவர்களைப் போல வாசலைத் தாண்டியதும் வேறு ஆட்களானோம். நான் பொட்டை அழித்துவிட்டுத் தாலிக்கொடியைச் சட்டைக்குள் விடுவேன். அவர் திருநீற்றைத் துடைத்துவிட்டு ஒரு சிங்களப் பேப்பரைக் கக்கத்தில் வைத்துக்கொள்வார். பஸ்ஸில் ஏறியதும் அதன் ஆசிரியத் தலையங்கத்தை உண்மையாகவே வாசிப்பார். நாட்டில் அதை வாசித்த ஒரே மனிதர் அவராகத்தான் இருக்க வேண்டும்.

இந்த ஏற்பாட்டில் ஒரே ஓட்டை எங்கள் மகள். அப்போது அவளுக்கு ஐந்து வயது. நித்திரையிலும் கதைக்கிற பிள்ளை. ஒரு நாள் பஸ்ஸை ஆமிக்காரர் நிறுத்தியிருந்தபோது, நாங்கள் இரண்டு பேரும் நல்ல பிள்ளைகளாக வாயை மூடிக்கொண்டு இருக்க, இவள் ஜன்னலால் எட்டிப் பார்த்து, “அப்பா, அங்கை பாருங்கோ, ஆமியின்ரை துவக்கு எவ்வளவு நீட்டு!” என்று கூவினாள். பஸ் முழுவதும் திரும்பியது. ஆமிக்காரர் உள்ளே வந்து என் கணவரின் அடையாள அட்டையை வாங்கினார். அதில் பிறந்த இடம் யாழ்ப்பாணம் என்று இருந்தது. அவரை இறக்கிக்கொண்டு போனார்கள். பஸ் எங்களோடு புறப்பட்டது. பொழுதுபட்ட பிறகுதான் அவர் வீடு வந்து சேர்ந்தார், சப்பாத்துக்கு நாடா இல்லாமல்.

அவர் வருவதற்கு முன், பயத்தில் புத்தி பேதலித்த ஒரு நிமிடத்தில், தாய் ஒருத்தி சொல்லக் கூடாததை நான் சொல்லிவிட்டேன். “நீ கதைச்சபடியாத்தான் அப்பாவைப் பிடிச்சவங்கள்” என்றேன். அடுத்த நாள் அதற்கு மேலே ஓர் ஒப்பந்தத்தையும் போட்டேன். வெளியே ஒரு சொல்லும் பேசாமல் இருந்தால், கடைசியில் ஒரு சொக்லேட். ஆபத்து அவசரத்துக்கு மட்டும் ‘அம்மா’ என்று கூப்பிடலாம். அது இரண்டு பாஷைக்கும் பொது. அப்பாவைக் கூப்பிட வேண்டுமானால் சிங்களத்தில் ‘தாத்தா’ என்று கூப்பிட வேண்டும். முப்பத்தாறு வயதில் அவர் தாத்தாவானார்.

அவள் ஒப்பந்தத்தை எங்களைவிட ஒழுங்காகக் கடைப்பிடித்தாள். வீட்டுக்குள் வந்து கதவைப் பூட்டிய பிறகும் என் சட்டையைப் பிடித்து இழுத்து, “இப்ப கதைக்கலாமோ, அம்மா?” என்று காதுக்குள் கேட்பாள். நான் ஓம் என்று சொன்ன பிறகுதான் பேச்சு. இதை நான் சொந்தக்காரரிடம் பெருமையாக வேறு சொல்லித் திரிந்தேன். பிள்ளை வளர்ப்பு என்றால் என்னைப் பார்த்துப் படியுங்கள் என்ற நினைப்பு எனக்கு.

கண்டிக்கு நாங்கள் போனது ரயில் வாரண்டுக்காக. அரசாங்கம் தன் உத்தியோகத்தருக்கு வருடாவருடம் இலவசப் பயணம் கொடுக்கும். எங்கள் ஊருக்கு ரயில் ஓடாது என்பதையும் அதே அரசாங்கம்தான் அறிவித்தது. தண்டவாளம் கழற்றப்பட்டுப் பதுங்குகுழிகளுக்கு மேலே கிடந்தது. வாரண்டோ டிசம்பரோடு காலாவதி. அரசாங்கம் தந்த ஒன்றை வீணாக்குவது என் கணவருக்குக் கோயில் சொத்தை எடுப்பது மாதிரி. ஆகவே கண்டி. அம்பிட்டியவில் ஒரு சின்ன விடுதியில் தங்கினோம். போயா என்ற பௌர்ணமி விடுமுறைக்குக் கடுகண்ணாவைக்குக் கீழே ஒரு கொக்கோத் தோட்டத்தைச் சுற்றிக் காட்ட ஒரு வான் வண்டி போகிறது, முடிவில் சொக்லேட் ருசி பார்க்கலாம் என்று விடுதிக்காரர் சொன்னார். எத்தனை மாதமாக வாயை மூடிச் சொக்லேட் சம்பாதித்த பிள்ளை, அது காய்க்கிற மரத்தைப் பார்க்கட்டும் என்று நினைத்தேன்.

அந்தத் தோட்டத்தை வெள்ளைக்காரருக்காகத்தான் தொடங்கியிருந்தார்கள். சண்டை வந்ததும் வெள்ளைக்காரர் வருவதை நிறுத்திவிட்டார்கள். வேறு வழியில்லாமல் எங்களையும் மனிதராக மதித்து, ‘உள்ளூர்வாசிகளும் வரலாம்’ என்று பலகையின் அடியில் பிறகு எழுதிச் சேர்த்திருந்தார்கள்.

வானில் எங்களோடு வந்தது ஒரே ஒரு சோடி. கணவருக்கு ஐம்பது வயது இருக்கும். விரலில் பெரிய மோதிரம். மனைவி கண்டிச் சிங்களப் பெண்கள் கட்டுகிற ஒசரிச் சேலையில் இருந்தாள். அசல் கண்டிச் சீமாட்டி என்று நான் உடனே முடிவு கட்டினேன். அந்தச் சேலையை அவள் ஐந்து நிமிடத்துக்கு ஒருமுறை பிடித்து இழுத்துச் சரிபண்ணியது மட்டும் கொஞ்சம் புதினமாக இருந்தது. நெற்றி நடுவில் வட்டமாக ஒரு வெளிறல். பாவம், தேமல் என்று இரக்கப்பட்டேன். எங்களுக்குள் பேச்சு இல்லை. நான் அவளைப் பார்த்துச் சிரித்தேன், அவள் என்னைப் பார்த்துச் சிரித்தாள். வழியில் இரண்டு சோதனைச் சாவடிகள். இரண்டிலும் ஆமிக்காரர் உள்ளே எட்டிப் பார்த்து, சிரித்துக்கொண்டிருந்த இரண்டு குடும்பங்களையும் கண்டு, போகச் சொல்லிக் கையைக் காட்டினார்கள். தோட்டம் வந்தபோது எனக்குத் தாடை நொந்தது.

வழிகாட்டி ஒரு மெலிந்த மனிதர். வெள்ளைக்காரருக்குப் பிடிக்கும் என்று யாரோ அவருக்கு ஒரு பெரிய தொப்பியை மாட்டியிருந்தார்கள். எங்களைப் பார்த்ததும் சிங்களத்தில் தொடங்கினார். கொக்கோக் காய் கிளையில் தொங்காமல் அடிமரத்திலேயே ஒட்டிக் காய்ப்பதைக் காட்டினார். என் கணவர் தொண்டையைச் செருமினார்.

“மேற்படி காயானது எத்தனை மாதங்களில் முதிர்ச்சியடைகின்றது என்பதனை அறியத்தருவீர்களாயின் நன்றியுடையவனாவேன்” என்றார், சிங்களத்தில்.

வழிகாட்டி தொப்பியைக் கழற்றிவிட்டார். ஐந்தாறு மாதம் ஆகும் என்று மிகவும் பணிவாகச் சொன்னார். மோதிரக்காரருக்கும் சும்மா இருக்க முடியவில்லை. அவருடைய சிங்களம் வேறு ரகம். சரளமாக ஓடியது, ஆனால் ஒரே திசையில்தான் ஓடியது. காயைத் தட்டிப் பார்த்து, “நல்ல அயிட்டம்! கெட்டி! வருசக்கணக்கில் இருக்கும்!” என்றார். புளிக்க வைக்கப் பெட்டியில் வாழையிலை போட்டு மூடியிருந்த விதைகளைப் பார்த்து, “புதுசு, இன்றைக்குத்தான் இறங்கியிருக்கு” என்றார். இதெல்லாம் என் கணவர் பிறகு மொழிபெயர்த்துச் சொன்னது. எனக்குத்தான் சிங்களம் தெரியாது, அதனால் அப்போது அது அருமையான சிங்களமாகத் தெரிந்தது.

வழிகாட்டி ஒரு காயை வெட்டி, விதையைச் சுற்றியிருந்த வெள்ளைச் சதையை எல்லோருக்கும் சூப்பத் தந்தார். புளிப்பும் இனிப்புமாக மங்குஸ்தான் போல இருந்தது. மகளின் கண்கள் விரிந்தன. வாய் திறக்கப் போனது. நான் அவள் கையை நெரித்தேன். உடனே மூடிக்கொண்டாள். ருசியா என்று வழிகாட்டி கேட்டதற்குத் தலையை மட்டும் ஆட்டினாள். நல்ல அடக்கமான பிள்ளை என்று அவர் சிங்களத்தில் மெச்சியிருக்க வேண்டும்; என் கணவர் நன்றி தெரிவித்து ஒரு கடிதமே வாசித்தார்.

கடைசியில் ருசி பார்க்கும் மேசை. ஒரு தட்டில் கறுப்பிலிருந்து வெளிர் மண்ணிறம் வரை வரிசையாகத் துண்டுகள். முதலாவது துண்டு, வறுத்து அரைத்த வெறும் கொக்கோ. சீனி ஒரு மணியும் இல்லை. கண்ணை மூடி, கடிக்காமல், எல்லோரும் ஒரே நேரத்தில் நாக்கில் வைத்திருக்க வேண்டும் என்று வழிகாட்டி செய்து காட்டினார். மகளுக்கும் ஒரு பெரிய துண்டைக் கொடுத்தார். சின்னப் பிள்ளைக்கு வேண்டாம் என்று தடுத்திருக்கலாம். தடுப்பதற்கு ஏதாவது ஒரு பாஷையில் வாய் திறக்க வேண்டும். நான் சிரித்துக்கொண்டு நின்றேன்.

வாயில் வைத்தோம்.

“ஐயோ அம்மா, பேய்க் கசப்பு!” என்று அலறியவர் திறமைச் சித்திக்காரர்.

“ஆத்தாடி! என்னாங்க இது, வேப்பங்கொட்டைய அரைச்சுக் குடுத்துட்டாங்களா?” இது கண்டிச் சீமாட்டி.

“துப்புடி, துப்பு! சரக்கு கெட்டுப் போயிருக்கு!” என்றார் மோதிரக்காரர்.

“தண்ணி! ஆராவது தண்ணி கொண்டு வாங்கோ!” அது நான்.

நான்கு பேரும் துப்பினோம். துப்பிய பிறகு ஒருவரை ஒருவர் பார்த்தோம். தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு வழிகாட்டி எங்கள் எல்லோரையும் பார்த்தார்.

“அடக் கடவுளே, எல்லாரும் நம்ம ஆளுகளா? காலையில இருந்து சிங்களத்துல கத்திக் கத்தித் தொண்ட காஞ்சு போச்சுங்க எனக்கு!”

அப்படி ஒரு சிரிப்பை நான் அந்த வருடங்களில் சிரித்ததில்லை. வழிகாட்டியின் ஆட்கள் ஹந்தானைத் தேயிலைத் தோட்டத்து லயத்து வரிசை வீட்டில் இருக்கிறார்களாம். மோதிரக்காரர் கண்டி டவுனில் புடவைக் கடை வைத்திருக்கிறாராம். “ஐயா பேசுனதக் கேட்டு, ரேடியோவுல நியூஸ் வாசிக்கிறவருன்னு நெனச்சேங்க, அதான் பயந்து பயந்து பதில் சொன்னேன்” என்றார் வழிகாட்டி. என் கணவர் அதைப் பாராட்டாகவே எடுத்துக்கொண்டார். கடைக்காரரின் மனைவி என் தோளில் கையைப் போட்டு, “ஒங்க நெத்திய வேன்லயே பாத்தேன் அக்கா, தேமல்னு நெனச்சுப் பாவப்பட்டேன்” என்றாள். ஊர் எது, எப்போது வந்தீர்கள், கலவரத்தில் எங்கே ஒளிந்தீர்கள், என்ன எரிந்தது என்று எல்லாவற்றையும் சத்தமாக, சொந்தப் பாஷையில், கொட்டித் தீர்த்தோம். எவ்வளவு நேரம் என்று தெரியாது. எனக்கு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது.

“அக்கா, பாப்பாவப் பாருங்க” என்றாள் அந்தப் பெண்.

மகள் மேசைக் காலைப் பிடித்துக்கொண்டு நின்றாள். உதடுகள் இறுக மூடியிருந்தன. கடைவாயில் மண்ணிறமாக ஒரு கோடு வழிந்திருந்தது. கண்ணீர் தாடைவரை ஓடியிருந்தது. நாங்கள் நான்கு பேரும் ஒரு நிமிடம் வைத்திருக்க முடியாத கசப்பை அவள் அவ்வளவு நேரமும் வாய்க்குள் வைத்திருந்தாள்.

“துப்பு பிள்ளை, துப்பு!” என்று அவள் தாடைக்குக் கீழே கையை ஏந்தினேன். தலையை ஆட்டி மறுத்தாள். இருமல் வந்து உடம்பு குலுங்கியது. அப்போதும் வாய் திறக்கவில்லை.

என் கணவர் அவள் முன்னால் முழங்காலில் இருந்தார். “பயப்பிடாதை குஞ்சு. இது எங்கடை ஆக்கள்தான். இஞ்சை கதைக்கலாம். அப்பா கதைக்கிறன், பார்…”

அவள் பாய்ந்து இரண்டு கையாலும் அவருடைய வாயைப் பொத்தினாள். பொத்திக்கொண்டே திரும்பி, வான் நின்ற பக்கத்தையும் கேற்றையும் ரோட்டையும் பார்த்தாள். யாராவது ஆமிக்காரர் கேட்டுவிட்டாரோ என்ற பார்வை. பிறகு வாயில் இருந்ததை விழுங்கினாள்.

அவர் அவளுடைய கைகளை எடுத்துவிடவில்லை. அப்படியே இருந்தார். வழிகாட்டி தட்டைத் திருப்பி இனிப்புத் துண்டுகள் இருந்த பக்கத்தைப் பிள்ளையின் அருகே நகர்த்தினார். அவள் அதைத் தொடவில்லை. தகப்பனின் வாயிலிருந்து ஒரு கையை மட்டும் எடுத்து என்னிடம் நீட்டினாள். ஒரு சொல்லும் பேசாமல் இருந்ததற்குக் கூலி கேட்டாள்.

எனக்கு வெட்கமாக இருந்தது. என்னை நானே அறைந்துகொள்ள வேண்டும் போல இருந்தது. அந்த ஒப்பந்தம் முடிந்துவிட்டது, இனி நீ எங்கேயும் கதைக்கலாம் என்று அவளைக் கட்டிப்பிடித்துச் சொல்ல வேண்டும் என்று மனம் கிடந்து அடித்தது. திரும்பிப் போகிற வழியில் அந்த இரண்டு சோதனைச் சாவடிகளும் இருந்தன.

தட்டிலிருந்த இனிப்பான துண்டுகளில் பெரியதாக ஒன்றைப் பார்த்து எடுத்து, அவள் கையில் வைத்தேன்.