மரமில்லாத தீவை வரைந்தவர்

காலையில் பூச்செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தபோது தொலைபேசி மணி அடித்தது. மம்பா ஊரிலிருந்து மேரி. "டிரசர் மாமா, அப்பா போயிட்டாரு" என்றாள். நான் இருக்கும் செனாவாங்கில் அந்த நேரத்தில் இரவு வேலை முடிந்து வரும் பிள்ளைகளின் மோட்டார் சத்தம் காதைப் பிளக்கும். தினமும் அவர்களைத் திட்டுகிறவன் நான். அன்று எதுவும் காதில் விழவில்லை. குழாயை மூட மறந்து வாசலெல்லாம் தண்ணீராகிவிட்டது.

மலாயாவாக இருந்த காலத்தில் ரந்தாவ் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் மேரியின் அப்பாவைப் 'பெயிண்டர்' என்று கூப்பிட்ட நாம் இப்போது ஆளுக்கொரு ஊரில் கிடக்கிறோம். அவர் பெயர் சவரிமுத்து என்பதே உங்களில் சிலருக்கு மறந்திருக்கும். உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

தொழிலாளர் குடியிருந்த லயத்துக் கதவுகளில் எண் எழுதுவது, ரப்பர் ஷீட் உலர்த்தும் புகைக்கூடத்துக்குத் தார் பூசுவது, வெள்ளைக்காரத் துரை பங்களாவுக்கு வெள்ளையடிப்பது எல்லாம் அவர் வேலை. நான் தோட்டத்து ஆஸ்பத்திரியில் டிரசர், காயத்துக்கு மருந்து போட்டுக் கட்டுகிறவன். வயதில் அவர் மூத்தவர். ஆனாலும் என்னை 'டிரசரய்யா' என்பார். கிண்டல் செய்ய நினைத்தால் மரியாதை இன்னும் கூடும். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் அட்டையும் பிரஷுமாக உட்கார்ந்துவிடுவார். மலை வரைவார், ஆறு வரைவார், மேகம் வரைவார். ரப்பர் மரத்தை மட்டும் தொடமாட்டார். "அத வரையறதும் ஆபீசுல கிராணி கணக்கு எழுதறதும் ஒண்ணுதான். வரிசை வரிசையா, எங்க பாத்தாலும் அதே" என்பார்.

துரைசானி அயர்லாந்து நாட்டுப் பெண்மணி. கல்யாணத்துக்கு முன்னால் படம் வரைவதே அவர் தொழிலாம். ஒருமுறை பங்களாக் கூடத்துக்கு வெள்ளையடிக்கப் போன சவரிமுத்து, சுவரிலிருந்து கழற்றி வைத்த படங்களைப் பார்த்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டார். எல்லாவற்றிலும் ஒரே தீவு. அயர்லாந்தின் மேற்குக் கடலில் தன்னந்தனியாகக் கிடக்கும் தீவு. கோடை வந்தால் படம் வரைகிறவர்கள் தார் பூசிய துணிப்படகில் அங்கே போவார்கள் என்று துரைசானி தன் அரைகுறைத் தமிழில் சொல்லியிருக்கிறார். மீனவர் வீடுகளில் தங்குவார்களாம். மழை விட்டுக் கொஞ்ச நேரம் வெளிச்சம் வருவதற்காக நாள்கணக்கில் காத்துக் கிடப்பார்களாம். பழைய வர்ணக் குழாய்கள் சிலவற்றையும் இவருக்குக் கொடுத்தனுப்பினார்.

அவற்றை மடியில் கட்டிக்கொண்டு நேரே ஆஸ்பத்திரிக்கு வந்தார். "அங்க ஒரு மரங்கூட கெடையாதாம் லா. கல்லு, புல்லு, கடல், அவ்வளவுதான்."

"மரமில்லாத ஊர்ல எந்த மரத்துல பால் வெட்டிப் பொழைக்கிறது?" என்றேன்.

"அதான் டிரசரய்யா சொகமே" என்று சிரித்தார். அந்தச் சிரிப்பை உங்களில் பலர் பார்த்திருப்பீர்கள். மேல்வரிசைப் பல் எல்லாம் தெரியும்.

பிறகு வெள்ளைக்கார அரசாங்கம் அவசரகாலம் என்று அறிவித்தது. லயங்களைச் சுற்றிக் கம்பிவேலி போட்டார்கள். காட்டில் இருந்த கம்யூனிஸ்டுகளுக்கு அரிசி போய்விடக் கூடாதென்று எல்லோருக்கும் ஒரே இடத்தில் சோறு பொங்கிக் கொடுத்தார்கள். பால்மரம் வெட்டப் போகும் பெண்களின் வாளியைக்கூட கேட்டில் நிறுத்திப் பார்த்தார்கள். அந்தச் சமயத்தில் இந்த மனிதர் மேட்டில் ஏறி உட்கார்ந்து மலையை வரைந்திருக்கிறார். படத்தில் வேலியும் கேட்டும் பாதையும் இருந்ததால், காட்டில் இருப்பவர்களுக்காக வரைந்த மேப் என்று பட்டாளத்துக்காரர்கள் பிடித்துக்கொண்டு போனார்கள். துரைசானி போய்ப் பேசிய பிறகுதான் விட்டார்கள். "இனிமே அந்தத் தீவுதான். அத வரைஞ்சா எவன் வந்து கேக்கப் போறான்?" என்றார் பெயிண்டர். இருவரும் சிரித்தோம். அப்போது இன்னும் சிரிக்க முடிந்தது.

அடுத்த மழைக்காலத்தில் அவர் மகன் காட்டுக்குள் போய்விட்டான். தொழிற்சங்க வேலை பார்த்த பையன். கூட இருந்தவர்களைப் போலீஸ் பிடித்ததும் பயந்து போனானா, கோபத்தில் போனானா, எனக்கு இன்றுவரை தெரியாது. பெயிண்டரின் மனைவி முன்பே இறந்துவிட்டதால் வீட்டில் மிச்சம் அவரும் சின்ன மகள் மேரியும்தான். மகன் சிங்கப்பூருக்கு வேலைக்குப் போயிருக்கிறான் என்று சொல்லிவைத்தார். நாங்களும் நம்பியதுபோல் நடந்துகொண்டோம். காட்டுக்குப் போனவனின் வீடு என்று தெரிந்தால் குடும்பத்தோடு இந்தியாவுக்குக் கப்பலேற்றிவிடுவார்கள். பக்கத்துத் தோட்டத்தில் அப்படி ஒரு குடும்பம் போயிருந்தது. மேரிக்கு அந்த லயத்தைத் தவிர வேறு ஊரே தெரியாது.

ஒரு நாள் காலையில் போலீஸ் லாரி வந்து எங்கள் இருவரையும் ஏற்றிக்கொண்டது. காட்டில் சுட்டவனை அடையாளம் காட்ட வேண்டுமாம்; முன்பு மேப் என்று பிடித்த ஆள் என்பதால் அவர், எல்லோரையும் தெரிந்த டிரசர் என்பதால் நான். ஸ்டேஷனுக்குப் பின்பக்கம் ஒரு பலகையில் ஓர் உடலைக் கிடத்தியிருந்தார்கள். முகமெல்லாம் சேறு. நான் முகத்தைப் பார்க்கவில்லை, காலைத்தான் பார்த்தேன். இடது முழங்காலுக்குக் கீழே ஒரு தழும்பு. புல் வெட்டும்போது கத்தி பட்டு வந்த அந்தப் பையனுக்கு நான் போட்ட தையல் அது. கோணலாகத் தைத்துவிட்டீர்கள் என்று பெயிண்டர் என்னை எத்தனையோ முறை கேலி செய்திருக்கிறார்.

"தெரிஞ்ச ஆளா?" என்று தமிழ் தெரிந்த போலீஸ்காரர் கேட்டார்.

சவரிமுத்து நன்றாகப் பார்த்தார். "தெரியலீங்க" என்றார். குரலில் நடுக்கமே இல்லை. அடுத்து என்னைக் கேட்டார்கள். "தெரியாது" என்றேன். அதற்காக நான் ஒருநாளும் வருந்தியதில்லை.

போகலாம் என்றார்கள். அவர் நகரவில்லை. "யாரு பெத்த புள்ளையோ. மூஞ்சியெல்லாம் சேறா இருக்கு. தொடச்சி விடட்டுங்களா?" என்றார். போலீஸ்காரர் தலையாட்டினார். சவரிமுத்து தோளில் கிடந்த பெயிண்டுத் துணியை எடுத்தார். நெற்றியைத் துடைத்தார், கண்ணைத் துடைத்தார், காதுக்குப் பின்னாலும் துடைத்தார். முன்பின் தெரியாதவனுக்கு யாரும் காதுக்குப் பின்னால் துடைப்பதில்லை. அந்தப் போலீஸ்காரருக்குப் புரிந்ததோ என்னவோ, வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். அவர் வீட்டிலும் பிள்ளைகள் இருந்திருப்பார்கள்.

மறுநாள் காலையில் பெயிண்டர் புகைக்கூடத்துக்குத் தார் பூசிக்கொண்டிருந்தார். எங்கே புதைத்தார்கள் என்று விசாரிக்கக்கூட வழியில்லை. தெரியாதவனின் குழி உனக்கெதற்கு என்று கேட்பார்களே. பெற்றவனுக்கு இதைவிடப் பெரிய கொடுமை உண்டா என்று நான் பல நாள் நினைத்து அழுதிருக்கிறேன்.

அந்த ஆண்டுக் கல்லறைத் திருநாளில் கிறிஸ்தவர்கள் எல்லோரும் மெழுகுவர்த்தியும் பூவுமாகத் தங்கள் கல்லறைகளுக்குப் போனார்கள். அவர் மேரியோடு மனைவியின் கல்லறைக்குப் போய்விட்டு வந்தார். வந்ததும் அட்டையை எடுத்து வைத்துத் தீவை வரைய ஆரம்பித்தார். அதுவரை அவர் தீவில் ஆள் இருந்ததில்லை. அன்றைக்குக் கடலோரம் வெள்ளைச் சட்டையில் ஒருவன் நின்றான்.

"யாரு பெயிண்டரே?" என்று கேட்டேன்.

"அந்த ஊர்க்காரன்" என்றார். பிரஷைக் கழுவிக்கொண்டே, "மரமே இல்லாத ஊரு டிரசரய்யா. அங்க யாரும் ஒளிய வேண்டியதில்ல. யாரும் யாரையும் தேட வேண்டியதுமில்ல" என்றார்.

அந்தப் படத்தை என்னிடமே கொடுத்துவிட்டார். அதன் பிறகு ஒவ்வொரு கல்லறைத் திருநாளிலும் ஒரு தீவு வரைந்தார். அவசரகாலம் முடிந்து, வேலியைப் பிரித்து, அவர் மம்பாவுக்குக் குடிபோய் கடைகளுக்குப் போர்டு எழுதிப் பிழைத்த காலத்திலும் விடவில்லை. பார்வை மங்கிய கடைசி வருஷங்களில் கடல் எது கல் எது என்று தெரியாது. அந்த வெள்ளைச் சட்டை மட்டும் இருக்கும். எங்கள் பேச்சில் பையனின் பெயர் ஒருமுறைகூட வரவில்லை. நான் போகும்போதெல்லாம் ஏதாவது வம்பளந்துவிட்டு வருவேன், அவ்வளவுதான்.

பெயிண்டரின் அடக்கத்தன்று குழியருகே பங்குச் சாமியார் செபத்தைத் தொடங்கப் போனார். புதிதாக வந்த இளம் சாமியார். மேரி முன்னால் வந்து, "ரெண்டு பேருக்கும் சேத்துச் செபம் பண்ணுங்க சாமி. அப்பாவுக்கும் எங்க அண்ணனுக்கும்" என்றாள். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. இத்தனை காலமும் அவள் சிங்கப்பூர்க் கதையை நம்பியிருக்கிறாள் என்றே நினைத்திருந்தேன்.

"அண்ணன எங்க அடக்கம் பண்ணியிருக்காங்கம்மா?" என்று சாமியார் கேட்டார்.

மேரி என்னைப் பார்த்தாள்.

"ஒரு தீவுல, சாமி" என்றேன்.

அவர் மேற்கொண்டு எதுவும் கேட்கவில்லை, பெயரை மட்டும் கேட்டார். மேரிக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்ததில் வாய் திறக்க முடியவில்லை. அதனால் அதையும் நானே சொன்னேன்.

அவர் கொடுத்த அந்த முதல் படம் செனாவாங்கில் என் வீட்டுக் கூடத்தில் தொங்குகிறது. அவரிடமிருந்து என்னிடம் இருப்பது அதுவும், அவர் மகன் பெயரும்தான். நான் திருநீறு பூசுகிறவன். இருந்தாலும் இனி கல்லறைத் திருநாள் வரும்போது அந்தப் படத்தின் முன் மெழுகுவர்த்தி ஏற்றுவேன். சவரிமுத்துவைப் பெயர் சொல்லி நினைக்க நீங்கள் எல்லோரும் இருக்கிறீர்கள். அந்தப் பையனுக்கு மேரியும் நானும்தான் இருக்கிறோம். அந்தோணிராஜ் என்று சத்தமாகச் சொல்லுவேன், தெரியாது என்று சொன்ன இதே வாயால்.